உபாத்தியாய உத்தியோகத்தில் ராதாகிருஷ்ணன்

டாக்டர் சர்வபள்ளி ராதாகிருஷ்ணன் அவர்களுடைய சரித்திரம் நம்மவர் பலரும் கேட்டறிந்த ஒன்றே. கீதையையும் உபநிஷதங்களையும் ஆங்கிலத்தில் பெயர்த்து உரை வகுத்த தத்துவ சாஸ்திரியாகவும், பாரத தேசத்தின் ஜனாதிபதியாகவும் அவரைப் போற்றி எழுதப்பட்ட நூல்கள் பல. நாம் இங்கு எழுதப் புகுந்தது அவருடைய வாழ்வில் அதிகம் பேசப்படாத ஒரு பகுதியைக் குறித்தாகும். மாதக் கடைசியில் சம்பளம் எண்ணி வாங்கிய ஒரு கலாசாலை ஆசிரியராக அவர் எங்கெங்கு வேலை பார்த்தார், எந்தப் படியில் நிறுத்தப்பட்டார், பின்னாளில் தேசத்திலுள்ள கலாசாலை ஆசிரியர் யாவருக்கும் சம்பளப் படி வகுக்கும் பொறுப்பு அவர் கைக்கு வந்தபோது என்ன வகுத்தார், அதற்குப் பின்னும் ஆசிரியர்கள் ஏன் நியாயஸ்தலங்களின் வாயிலில் நிற்க வேண்டியதாயிற்று என்பவையே நாம் சொல்ல விரும்புவன. அவர் பயின்ற ஊர்களுள் வேலூரும் ஒன்றாதலால், இதனை இங்கே சொல்வது பொருத்தமென்றே எண்ணுகிறோம்.

அவர் 1888-ம் வருஷம் செப்டம்பர் மாதம் 5-ம் தேதி திருத்தணியில் பிறந்தார். தந்தையார் வீராசாமி; தாயார் சீதம்மாள். தந்தையார் ஜமீனைச் சேர்ந்த ரெவினியூ இலாகாவில் சிறு உத்தியோகம் பார்த்தவர். அந்நாளில் திருத்தணியும் வேலூரும் ஆம்பூரும் ஒரே வடவார்க்காட்டு ஜில்லாவில் அடங்கியிருந்தன. அதன் தலைநகர் சித்தூர். 1911-ல் சித்தூர் தனி ஜில்லாவானதும், 1960-ல் திருத்தணி ஆந்திர நாட்டினின்று சென்னை ராஜ்யத்திற்கு மீண்டதும், 2019-ல் வேலூர் ஜில்லா மூன்றாகப் பிரிந்து ஆம்பூர் திருப்பத்தூர் ஜில்லாவிற் சேர்ந்ததும் பிற்காலத்துச் செய்திகள். ஆகவே, ஜில்லாக் கணக்குப் பார்ப்பின் அவர் நம்மவரே.

திருத்தணியில் தொடக்கக் கல்வி பெற்று, 1896-ல் திருப்பதியிலிருந்த லூத்தரன் மிஷன் பாடசாலையிற் சேர்ந்து, 1900-ல் வேலூருக்கு வந்தார். இங்கே ஆர்க்காட்டு மிஷனைச் சேர்ந்த ஊரீஸ் கலாசாலையில் 4 வருஷங்கள் பயின்றார். அக்காலத்து வேலூரைச் சற்று நினைத்துப் பார்ப்போம். கோட்டையும் அகழியும் இன்றுபோலவே இருந்தன. பாலாற்றங்கரை ஊர்களில் ஆவாரம் பட்டையும் கடுக்காயும் இட்டுத் தோல் பதனிடும் தொழில் நடந்துவந்தது. பதனிட்ட தோல் சென்னைத் துறைமுகத்தின் வழியே சீமைக்குச் சென்றது. அவர் வந்து சேர்ந்த அந்த 1900-ம் வருஷத்திலேதான் டாக்டர் ஐடா ஸ்கடர் அம்மையார் ஒரே ஒரு கட்டிலோடு இவ்வூரில் மருத்துவச் சேவை தொடங்கினார்கள். அக்கட்டில் பின்னாளில் பெரிய மருத்துவக் கலாசாலையாக வளர்ந்ததும், அதன் பெயர் சுப்ரீம் கோர்ட்டுத் தீர்ப்பொன்றில் ஏறியதும் நமது கதைக்குப் பின்னர் வேண்டியிருக்கும்.

வேலூரிற் படித்த காலத்தில், 1903-ல், அவருக்குச் சிவகாமு அம்மையாரோடு விவாகம் நடந்தது. வீட்டிற் செல்வமில்லை. படிப்புக் காலம் முழுவதும் உபகாரச் சம்பளமே அவரைத் தாங்கிற்று. அங்கிருந்து சென்னைக் கிறிஸ்தவக் கலாசாலைக்குச் சென்றார். அவர் தத்துவ சாஸ்திரத்தை எடுத்துக்கொண்டது உள்ளத்து வேட்கையால் என்று பலர் எண்ணுவர். உண்மையில் காரணம் வேறு. பட்டம் பெற்று வெளியேறிய உறவினர் ஒருவர் தம்முடைய தத்துவப் பாடப் புஸ்தகங்களை அவருக்குக் கொடுத்துவிட்டார். புஸ்தகச் செலவு மிஞ்சுமென்பதே பாடத்தைத் தீர்மானித்தது. ஏழைப் பிள்ளைகளின் படிப்பு இவ்வாறுதான் தீர்மானமாகிறது என்பதை நம் ஜில்லாவிலுள்ள எந்த ஆசிரியரும் அறிவார். எம். ஏ. பட்டத்தின் பொருட்டு வேதாந்தத்தின் ஒழுக்க நெறியைப்பற்றி அவர் எழுதிய ஆராய்ச்சி 1908-ல் முடிந்தது. அவருடைய ஆசிரியர்களான ஸ்கின்னர், ஹாக் என்போர் பெரும் புலமை வாய்ந்தவர்கள். மேற்படிப்பிற்குச் சீமை செல்லக் கைப்பொருள் இல்லை. குடும்பத்தைக் காக்க உத்தியோகம் வேண்டியிருந்தது.

1909-ம் வருஷம் ஏப்ரல் மாதத்தில் சென்னை ராஜாங்கக் கலாசாலையில் தத்துவப் பகுதியில் உதவி விரிவுரையாளரானார். இவ்விடத்தில் அக்காலத்துக் கல்வி இலாகாவின் படிக்கட்டை விளக்கிவிடுதல் அவசியம். துரைத்தனத்தார் கல்வி உத்தியோகங்களை மூன்று வகுப்புகளாகப் பிரித்திருந்தனர். மேல் வகுப்பு இந்தியக் கல்விச் சர்வீஸ். அதற்குப் பெரும்பாலும் சீமையிலேயே ஆள் எடுத்தனர். அடுத்தது மாகாணக் கல்விச் சர்வீஸ். அது பெரும்பாலும் இந்தியருக்கு. அதற்கும் கீழே துணைக் கல்விச் சர்வீஸ். ஒரே கலாசாலையில், ஒரே வகுப்பில், ஒரே பாடத்தைப் போதிக்கும் இருவர் இருவேறு சர்வீஸைச் சேர்ந்தவராயின், அவர்களுடைய சம்பளத்திற்கும் மரியாதைக்கும் எட்டாத தூரம் இருக்கும். ராதாகிருஷ்ணன் தம் உத்தியோகத்தைத் தொடங்கியது கடைசிப் படியில்.

இந்தப் பேதத்தை எதிர்த்து நின்றவர் ஒருவர் அவருக்கு முன்பே இருந்தார். 1885-ல் கல்கத்தா ராஜாங்கக் கலாசாலையிற் பௌதிக ஆசிரியரான ஜகதீச சந்திர போஸ், ஐரோப்பியருக்குக் கொடுக்கும் சம்பளத்தில் ஒரு பகுதியே தமக்கு என்று அறிந்து, மூன்று வருஷம் சம்பளத்தையே தொடாமல் வேலை செய்தார். முடிவில் துரைத்தனத்தார் முழுச் சம்பளத்தையும் பழைய பாக்கியுடன் கொடுக்க நேர்ந்தது. கோர்ட்டுக்குப் போகாமலே தீர்ந்த வழக்கு அது. ஆனால் போஸின் பிடிவாதம் எல்லோருக்கும் இயலுவதன்று. மூன்று மாதம் சம்பளம் வாராவிடினும் வீட்டில் அடுப்பெரியாத நிலையிலுள்ளவர் மூன்று வருஷம் பொறுப்பது எங்ஙனம்? நம் ராதாகிருஷ்ணன் சம்பளத்தை மறுத்தவரல்லர், வாங்கிக்கொண்டு எழுதினார்.

1910-ல் சைதாப்பேட்டை ஆசிரியப் பயிற்சிக் கலாசாலைக்கு அனுப்பப்பட்டார். 1912-ல் மனோதத்துவத்தைப்பற்றி அவர் எழுதிய சிறு நூல் வெளிவந்தது. மேனாட்டுத் தத்துவப் பத்திரிகைகளில் அவருடைய கட்டுரைகள் தோன்றலாயின. அமெரிக்காவிலும் இங்கிலாந்திலும் அவர் பெயரை அறிந்தவர் தோன்றிய பின்னும், இலாகாவின் பதிவேட்டில் அவர் சிறிய உத்தியோகஸ்தரே. மாற்றல் உத்தரவு வந்தால் மூட்டை கட்ட வேண்டும். 1917-ல் ராஜமகேந்திரவரத்துக் கலாசாலைக்கு மாற்றப்பட்டார். புலமையை அளக்கும் கோல் ஒன்று, சர்வீஸை அளக்கும் கோல் மற்றொன்று என்னும் பாடத்தை அவர் புஸ்தகத்தினின்று கற்கவில்லை.

1918-ல் மைசூர் சர்வகலாசாலை அவரை அழைத்தது. அங்கே அவர் மகாராஜா கலாசாலையில் தத்துவப் பேராசிரியரானார். படியேற்றம் இலாகாவின் வழியே வராமல் இலாகாவுக்கு வெளியிலிருந்து வந்ததைக் கவனிக்க வேண்டும். 1857-ல் தோன்றிய சென்னைச் சர்வகலாசாலை நெடுங்காலம் பரீட்சை நடத்திப் பட்டம் கொடுப்பதையே முக்கிய வேலையாகக் கொண்டிருந்தது. கலாசாலைகள் அதனோடு இணைக்கப்பட்டிருந்தன, அவற்றின் ஆசிரியர் துரைத்தனத்துக்கோ மிஷனுக்கோ கமிட்டிக்கோ வேலையாட்கள், சர்வகலாசாலைக்கு அல்லர். 1916-ல் ஏற்பட்ட மைசூர் சர்வகலாசாலையோ, மகாராஜா கலாசாலையையும் பெங்களூர் சென்ட்ரல் கலாசாலையையும் தன் சொந்த அங்கங்களாகவே கொண்டு எழுந்தது. கலாசாலை ஆசிரியர் சர்வகலாசாலை ஆசிரியராக ஏற்றுக்கொள்ளப்படுதல் என்னும் விஷயத்தின் பொருளை ராதாகிருஷ்ணன் நேரிற் கண்ட முதல் இடம் அதுவென்று சொல்லலாம். மைசூரில் அவர் தாகூரின் தத்துவத்தைப்பற்றிய நூலை வெளியிட்டார். 1921-ல் அவர் அவ்வூரை விட்டுப் புறப்பட்டபோது மாணவர்கள் குதிரைகளை அவிழ்த்துவிட்டு அவருடைய வண்டியைத் தாமே ரயிலடி வரை இழுத்துச் சென்றது யாவரும் அறிந்த கதை.

அவர் சென்ற இடம் கல்கத்தா. சர் அசுதோஷ் முகர்ஜி அவரை ஐந்தாம் ஜார்ஜ் மன்னர் பெயரால் அமைந்த தத்துவப் பீடத்திற்கு அழைத்திருந்தார். எம். ஏ. வகுப்புகளைக் கலாசாலைகளினின்று எடுத்துச் சர்வகலாசாலையே நேராக நடத்தும் ஏற்பாட்டை அசுதோஷ் 1917-ல் செய்திருந்தார். ஏற்பாடு பெரிது, பணம் சிறிது. 1922-ல் சர்வகலாசாலை கடனில் ஆழ்ந்து, ஆசிரியருக்குச் சம்பளம் கொடுக்க இயலாத நிலை உண்டாயிற்று. வங்காளத் துரைத்தனம் 2½ லக்ஷம் ரூபாய் கொடுக்க முன்வந்து, கூடவே கணக்கைத் தன் மேற்பார்வையில் வைக்கும் நிபந்தனைகளையும் விதித்தது. அசுதோஷ் சுதந்திரத்தை விற்கச் சம்மதியாமல் அப்பணத்தை மறுத்தார். வீரச் செயலென்று இதனை எல்லோரும் பாராட்டுவர், நாமும் பாராட்டுகிறோம். ஆயினும் மறுத்தவருக்கும், சம்பளம் வாராமல் வீட்டுக்குச் சென்ற விரிவுரையாளருக்கும் அந்தச் சுதந்திரத்தின் விலை ஒன்றாயிராது என்பதையும் சொல்லாமல் விடுவதற்கில்லை. ஓர் ஆசிரியரின் சம்பளம் யாருடைய பெட்டியிலிருந்து வருகிறதோ அவருடைய கையே நீளும் என்னும் சிக்கல் அன்று தொடங்கியதன்று, அன்றோடு முடிந்ததுமன்று.

கல்கத்தாவிலேயே அவருடைய பெரும் நூலான இந்தியத் தத்துவ சரித்திரம் 1923-லும் 1927-லும் இரண்டு பாகங்களாக வெளிவந்தது. அதனோடு ஒரு வழக்கும் வந்தது. அவரைப் போற்றும் கட்டுரைகள் இதை விட்டுவிடுவது வழக்கம். நாம் விட விரும்பவில்லை. மீரட் கலாசாலையில் விரிவுரையாளராயிருந்த யதுநாத் சின்ஹா, தாம் கல்கத்தா சர்வகலாசாலைக்குச் சமர்ப்பித்த ஆராய்ச்சியின் பகுதிகள் இரண்டாம் பாகத்தில் எடுத்தாளப்பட்டன என்று 1929-ல் முதலிற் பத்திரிகையிலும் பின்னர்க் கல்கத்தா ஹைகோர்ட்டிலும் முறையிட்டார். 20,000 ரூபாய் நஷ்டஈடு கோரினார். ராதாகிருஷ்ணன் அதனை மறுத்து, ஒரு லக்ஷம் ரூபாய்க்கு மானநஷ்ட வழக்குத் தொடர்ந்தார். 1933-ல் இரு வழக்குகளும் சமாதானமாக முடிந்தன. கோர்ட்டு இன்னாருக்கு நியாயம் என்று தீர்ப்பளிக்கவில்லை. ஆகவே நாமும் தீர்ப்பளிப்பதற்கில்லை. நாம் கவனிப்பது வேறொன்று. ஒரு பக்கம் சர்வகலாசாலைப் பீடத்திலிருந்த பேராசிரியர். மறுபக்கம் இணைப்புக் கலாசாலையொன்றின் விரிவுரையாளர். முப்பது வயதில் இலாகாவின் கடைசிப் படிகளிலிருந்தவர், நாற்பது வயதில் மேற்படியிலிருந்து கீழ்ப்படியினரின் முறையீட்டுக்கு விடை சொல்லும் இடத்தில் இருந்தார்.

அதன்பின் அவருடைய உயர்வு விரைவானது. 1931 முதல் 1936 வரை வால்டேரிலுள்ள ஆந்திர சர்வகலாசாலைக்கு வைஸ் சான்ஸலர். 1936-ல் ஆக்ஸ்போர்டில் கீழ்நாட்டு மதங்களுக்கும் ஒழுக்க நூலுக்கும் அமைந்த ஸ்பால்டிங் பீடத்தில் பேராசிரியர். 1939 முதல் 1948 வரை காசி ஹிந்து சர்வகலாசாலைக்கு வைஸ் சான்ஸலர். வால்டேரில் இளம் அறிஞர்களைத் தேடித் தேடிச் சேர்த்தார், வி. கே. ஆர். வி. ராவ், ஹுமாயூன் கபீர் முதலியோர் அங்கே வந்தனர். இவற்றை விரிப்பின் கட்டுரை நீளும்.

நமக்கு வேண்டுவது 1948-ம் வருஷம். அவ்வருஷத்தின் இறுதியில் இந்திய அரசாங்கம் சர்வகலாசாலைக் கல்விக் கமிஷனை நியமித்து அவரைத் தலைவராக்கிற்று. தாராசந்த், ஜாகிர் ஹுசேன், மேகநாத் சாஹா, நம் சென்னை வைஸ் சான்ஸலர் லக்ஷ்மணசாமி முதலியார் ஆகியோரும், இங்கிலாந்திலிருந்து ஜேம்ஸ் டப், அமெரிக்காவிலிருந்து ஆர்தர் மார்கன், ஜான் டைகர்ட் என்போரும் அதன் அங்கத்தினருட் சிலர். 1949-ம் வருஷம் ஆகஸ்டு மாதத்தில் அறிக்கை தயாராயிற்று. ஆசிரியருக்கென அதில் தனி அத்தியாயமே இருந்தது. வேலை நேரம் வரையறுக்கப்பட வேண்டும், ஓய்வூதிய நிதியும் ஓய்வுநாளும் ஒழுங்குபட வேண்டும், உத்தியோக உயர்வு தகுதியைப் பார்த்தே அளிக்கப்பட வேண்டும், ஓய்வு வயது பொதுவாக 60 ஆகவும், பேராசிரியருக்கு 64 வரை நீட்டிக்கத் தக்கதாகவும் இருக்க வேண்டும் என்பன அதன் யோசனைகள். துணைச் சர்வீஸில் மூட்டை கட்டிய அனுபவம் இவ்வரிகளில் தெரிகிறது என்று நாம் நம்புகிறோம்.

இனிச் சம்பளப் படிகளைப் பார்ப்போம். சர்வகலாசாலைப் பேராசிரியருக்கு மாதம் 900 ரூபாயில் தொடங்கி 1,350 வரை. ரீடருக்கு 600 முதல் 900 வரை. விரிவுரையாளருக்கு 300 முதல் 600 வரை. எம். ஏ. வகுப்பில்லாத இணைப்புக் கலாசாலையின் விரிவுரையாளருக்கோ 200 முதல் 400 வரை. முன்னவருக்கு வருஷத்துக்கு 25 ரூபாய் உயர்வு; பின்னவருக்கு முதலில் 15, பிறகு 20. கணக்கிட்டுப் பார்த்தால் இருவரும் தத்தம் படியின் உச்சியை அடையப் பன்னிரண்டு வருஷமே ஆகும். பன்னிரண்டு வருஷம் பாடம் சொன்ன பிறகு ஒருவர் கையில் 600. மற்றவர் கையில் 400. அக்கலாசாலையின் பிரின்ஸிபாலுக்கே 600 முதல் 800 வரைதான். அவர் ரீடரோடு ஒரே இடத்திற் புறப்பட்டு அவருக்கு 100 ரூபாய் பின்னே நின்றுவிடுகிறார்.

இப்படிகள் அந்நாளில் தனியார் கலாசாலைகளிற் கிடைத்ததைக் காட்டிலும் நல்லவையே. அவற்றை ஏற்று அவ்வாறே கொடுத்திருப்பின் எத்தனையோ குடும்பங்கள் வாழ்த்தியிருக்கும். சர்வகலாசாலை ஆசிரியர் ஆராய்ச்சியும் செய்பவர், கலாசாலை ஆசிரியர் போதிப்பவர் என்னும் எண்ணமும், கமிட்டிகளுக்குப் பணம் ஏது என்னும் கவலையும் கமிஷனுக்கு இருந்திருக்கலாம். இருப்பினும் நமது அபிப்பிராயத்தை மறைப்பதிற் பயனில்லை. மூன்று சர்வீஸ்களின் பேதத்தால் வருந்தியவர், அப்பேதம் அழிந்த பிறகு, சர்வகலாசாலை என்றும் கலாசாலை என்றும் வேறிரண்டு படிக்கட்டுகளைத் தம் கையெழுத்தோடு நிறுவினார். நிறமும் தேசமும் அதில் இல்லை; கட்டடத்தின் வாயிலில் தொங்கும் பலகை இருந்தது.

அதே அறிக்கையில் மற்றோர் யோசனையும் இருந்தது. இணைப்பை மட்டுமே தொழிலாகக் கொண்ட சர்வகலாசாலை இனி வேண்டாம். ராஜாங்கக் கலாசாலைகள் படிப்படியாகச் சர்வகலாசாலையின் அங்கக் கலாசாலைகளாக வேண்டும் என்பதே அது. மைசூரில் அவர் கண்ட காட்சியை இங்கே நினைவு கூரலாம். இரண்டு யோசனைகளையும் ஒருங்கே வைத்துப் பார்த்தால் சிக்கல் விளங்கும். கலாசாலை ஆசிரியர் சர்வகலாசாலைச் சர்வீஸில் ஏற்றுக்கொள்ளப்படுவது வெறும் பெயர் மாற்றமன்று. முதல் மாதத்திலேயே 100 ரூபாய், பன்னிரண்டாம் வருஷத்தில் 200 ரூபாய் பெறுமானமுள்ள மாற்றம். எந்தத் தேதியிலிருந்து ஏற்பது, பழைய சர்வீஸைக் கணக்கிற் சேர்ப்பதா, முன்னிருந்தவருக்கும் வந்தவருக்கும் யார் மூத்தவர் என்னும் கேள்விகள் எழாமலிருக்க முடியுமா?

எழுந்த கேள்விகளைத் தீர்க்கச் சட்டத்தில் வழி குறுகியிருந்தது. ஒருவரிடம் வேலை பார்ப்பதாகச் செய்துகொண்ட ஒப்பந்தம் முறிந்தால் நஷ்டஈடு கேட்கலாமேயன்றி, அவரையே மறுபடியும் வேலைக்கு வைத்துக்கொள் என்று கோர்ட்டு கட்டாயப்படுத்தாது என்பது பழைய விதி. 1958-ல் தத் என்னும் பேராசிரியருக்கும் தில்லி சர்வகலாசாலைக்கும் நடந்த வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு இவ்விதியையே நிலைநாட்டிற்று. நீக்கப்பட்டவர் இன்னும் பேராசிரியரே என்று மத்தியஸ்தர்கள் சொல்லிய முடிவு செல்லாதெனத் தள்ளப்பட்டது. அத்தீர்ப்பின் காலத்தில் தில்லி சர்வகலாசாலையின் சான்ஸலர் ராதாகிருஷ்ணன் அவர்களே. வழக்கின் காரணத்தில் அவருக்குத் தொடர்பு இருந்ததென்று நாம் சொல்லவில்லை; 1909-ல் உதவி விரிவுரையாளராயிருந்தவர் எத்துணைத் தூரம் வந்துவிட்டார் என்பதற்காக மட்டும் குறிப்பிடுகிறோம்.

அவ்விதிக்கு மூன்று விலக்குகளைக் கோர்ட்டுகள் ஒப்புக்கொண்டன. அரசாங்க ஊழியருக்கு அரசியல் சாசனம் காவல். தொழிலாளிக்கு 1947-ம் வருஷத்துத் தொழில் தகராறுச் சட்டம் காவலாயிருந்தது. சட்டத்தினால் உண்டாக்கப்பட்ட ஸ்தாபனம் அச்சட்டத்தையே மீறி ஒருவரை நீக்கினால் அவருக்கும் காவலுண்டு. தனியார் கலாசாலை ஆசிரியர் இம்மூன்று வாயில்களில் எதற்குள் நுழைவார்? அரசாங்க ஊழியரல்லர். ஷாம்லி ஊரின் வைசியர் கலாசாலை வழக்கில், பதிவு செய்த சங்கம் நடத்தும் கலாசாலை சட்டத்தால் உண்டானதன்று என்று சுப்ரீம் கோர்ட்டு சொல்லிற்று. தொழிலாளியா என்றால், ஆசிரியர் அச்சட்டத்தின்படி தொழிலாளி அல்லர் என்று 1988-ல் கோவா நாட்டு ஆசிரியை ஒருவரின் வழக்கில் முடிவாயிற்று. ஆம்பூர்த் தோல் ஷாப்பிற் பட்டை நீரில் தோலைப் புரட்டுபவரை முறையின்றி நீக்கினால் அவருடைய சங்கம் லேபர் கோர்ட்டுக்குப் போக முடிந்தது. அவருடைய மகனுக்குப் பட்டம் வரை பாடம் சொன்ன விரிவுரையாளருக்கு அவ்வழி இருக்கவில்லை. போதிப்பது உயர்ந்த தொழில் என்று அவரைத் தொழிலாளர் வரிசையினின்று எடுத்துவைத்த மரியாதை அவருக்கு இவ்வாறு பயன்பட்டது.

நம் வேலூரின் பெயரைத் தாங்கிய தீர்ப்பை இங்கே சொல்ல வேண்டும். ஐடா அம்மையாரின் ஒற்றைக் கட்டிலிலிருந்து வளர்ந்த கிறிஸ்தவ மருத்துவக் கலாசாலையின் ஆஸ்பத்திரி ஊழியர் சிலருடைய நீக்கத்தைப்பற்றித் தகராறு எழுந்தது. சிறுபான்மையோர் நடத்தும் ஸ்தாபனத்திற்குத் தொழில் தகராறுச் சட்டம் பொருந்துமா என்பதே கேள்வி. பொருந்தாதென்று சென்னை ஹைகோர்ட்டு கருதியதை மாற்றி, பொருந்துமென 1987-ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. ஊழியரை நியாயமாக நடத்தச் சொல்லும் பொதுச்சட்டம், ஸ்தாபனத்தை நிர்வகிக்கும் உரிமையைப் பறிப்பதாகாது என்பது அதன் சாரம். (1996-ல் தோல் தொழிற்சாலைக் கழிவு நீரைப்பற்றிய தீர்ப்பும் வேலூர் பெயராலேயே வழங்குகிறது, நம் ஊர் சட்டப் புஸ்தகங்களுக்கு இருமுறை உதவியிருக்கிறது.) ஆஸ்பத்திரி ஊழியருக்கு வாயில் திறந்த அதே சமயத்திலேதான் ஆசிரியருக்கு அது மூடிற்று என்பது விசித்திரமே.

கலாசாலைகளைச் சர்வகலாசாலையோடு ஐக்கியப்படுத்தும் யோசனையும் வேறு வடிவத்தில் கோர்ட்டு ஏறிற்று. குஜராத்தில் இணைப்புக் கலாசாலைகளை அங்கக் கலாசாலைகளாக்கவும், போதனையைச் சர்வகலாசாலையின் கீழ்க் கொணரவும், ஆசிரியரை நீக்குமுன் வைஸ் சான்ஸலரின் சம்மதம் பெறவும் சட்டத்தைத் திருத்தினார்கள். அகமதாபாத் செயிண்ட் சேவியர் கலாசாலை எதிர்த்தது. 1974-ல் ஒன்பது நீதிபதிகள் கூடி, அப்பிரிவுகள் சிறுபான்மையோர் கலாசாலைகளைக் கட்டா என்றனர். ஆசிரியரின் வேலை நிலையை ஒழுங்குபடுத்தும் நியாயமான விதிகள் செல்லும் என்பதை அவர்கள் மறுக்கவில்லை. மிஷன் கலாசாலைகளில் வேலை செய்பவருக்கு இத்தீர்ப்பு இரு முகமுடையது. கலாசாலையின் தனித்தன்மை காக்கப்பட்டதில் அவருக்கும் மகிழ்ச்சி. ஆயின் தம்மைக் காக்கவந்த கையும் அத்துடன் தடுக்கப்பட்டதோ என்னும் ஐயமும் அவருக்கு உண்டு. இரண்டும் உண்மையான உணர்ச்சிகள். ஒன்றைக் காட்டி மற்றொன்றை மறைக்க நமக்கு விருப்பமில்லை.

நம் பகுதியை நோக்கினால், தோல் வர்த்தகச் செல்வர்களின் ஊர்களில் உயர்கல்வி மெல்ல வேரூன்றியது. வாணியம்பாடி இஸ்லாமியாக் கலாசாலை 1919-லும், மேல்விஷாரம் அப்துல் ஹக்கீம் கலாசாலை 1965-லும், ஆம்பூர் மஸ்ஹருல் உலூம் கலாசாலை 1969-லும் தோன்றின. இவையும் வேலூர்க் கலாசாலைகளும் சென்னைச் சர்வகலாசாலையோடு இணைந்திருந்தன. 2002-ல் வேலூருக்கென்றே திருவள்ளுவர் பல்கலைக்கழகம் ஏற்பட்டது. பரீட்சைத் தாளின் தலைப்பு மாறிற்று; பட்டத்தின் முத்திரை மாறிற்று. ஆசிரியர் யாருடைய ஊழியர் என்பது மாறவில்லை. இணைப்பு என்பது கலாசாலைக்கும் சர்வகலாசாலைக்கும் உள்ள உறவு. ஆசிரியருக்கும் சர்வகலாசாலைக்கும் உள்ள உறவன்று. இவ்வொரு வித்தியாசத்தை அறியாமல் வக்கீல் வீட்டுக்கு நடந்தவர் பலர் என்று நாம் கேள்வியுறுகிறோம்.

கமிஷனின் யோசனைகளுள் சில காலத்தாற் பலித்தன. 1953-ல் சர்வகலாசாலை மானியக் கமிஷன் தொடங்கப்பெற்று 1956-ல் சட்டம் பெற்றது. சர்வகலாசாலைக்கும் கலாசாலைக்கும் சம்பளப் படியில் இருந்த இடைவெளியைக் குறைக்கும் முயற்சிகள் அதன் வழியே நடந்தன. எனினும் மானியக் கமிஷன் சொன்னால் ராஜ்யங்கள் கேட்டே தீரவேண்டுமா என்னும் கேள்வி நின்றது. சம்பளத்தோடு ஓய்வு வயதை 65 ஆக்கும் ஏற்பாட்டை ஏற்க ராஜ்யங்கள் கட்டுப்பட்டவையல்ல என்று 2013-ல் பீஹார் ஆசிரியர் முதலியோரின் வழக்குகளில் சுப்ரீம் கோர்ட்டு கூறிவிட்டது. ஓய்வு வயதைப்பற்றி 1949-ல் ராதாகிருஷ்ணன் எழுதிய வரி, அறுபத்துநாலு வருஷம் கழித்தும் விவாதத்திலேயே இருந்தது.

அவருடைய எஞ்சிய வாழ்வு நாடறிந்தது. 1949-ல் மாஸ்கோவுக்கு ஸ்தானிகர், 1952-ல் உப ஜனாதிபதி, 1962-ல் ஜனாதிபதி. ஜனாதிபதிக்குரிய சம்பளத்தின் பெரும் பகுதியை அவர் பெற்றுக்கொள்ளவில்லை. புஸ்தகச் செலவு மிஞ்சுவதற்காகத் தத்துவ சாஸ்திரத்தில் நுழைந்த ஏழைக் குடும்பத்துப் பிள்ளை அவ்வாறு செய்தது சாதாரணமன்று. அவ்வருஷம் முதல் அவருடைய பிறந்த தினம் ஆசிரியர் தினமாகக் கொண்டாடப்படுகிறது. 1967-ல் பதவியினின்று விலகிச் சென்னை மயிலாப்பூரில் தம் இல்லத்தில் வசித்தார். நெடுநாள் நோயுற்றிருந்து 1975-ம் வருஷம் ஏப்ரல் மாதம் 17-ம் தேதி காலமானார்.

அதற்கு மறுவருஷம், 1976-ல், தமிழ்நாட்டில் தனியார் கலாசாலைகளை ஒழுங்குபடுத்தும் சட்டம் வந்தது. கலாசாலை ஆசிரியரை நீக்குவதற்கு முன் உரிய அதிகாரியின் அனுமதி வேண்டுமென்றும், மேல்முறையீட்டுக்கு வழி உண்டென்றும் அது விதித்தது. சிறுபான்மையோர் கலாசாலைகளில் அவ்விதிகள் எதுவரை செல்லும் என்பது தனி விவாதமாயிற்று. மூன்று வாயில்களும் மூடியிருந்தவர்களுக்கு நான்காவது வாயில் ஒன்று, பாதியளவேனும், திறந்தது அவ்வருஷத்திலேதான்.